அடுப்புக் குறி போட்ட உடுப்பு

எங்கள் சிப்பாய்மேட்டில் புதுக்குடித்தனம் வருகிறவர்களுக்குக் கூரையும் கதவும் கிடைப்பதற்கு முன்பே குறி கிடைத்துவிடும். பாலாற்றங்கரையில் வெள்ளாவி வைத்திருந்த அம்மாக்கண்ணு, சேங்கொட்டையை முள்ளால் குத்திச் சாறெடுத்து அந்த வீட்டுத் துணியோரத்தில் குறி வைத்துச் சுண்ணாம்பைத் தடவிவிட்டால், துணி நைந்து கரித்துணியாகிப்போனாலும் குறி அப்படியே இருக்கும். அறுபத்துமூன்று வீட்டுக்கு அறுபத்துமூன்று குறி, அத்தனையும் அவள் தலைக்குள்ளேதான் இருந்தன. முக்கோணமாக மூன்று புள்ளி வைத்தால் அடுப்புக் குறி, அது செங்கமலம் வீடு. இரண்டு கோட்டுக்கு நடுவில் ஒரு புள்ளி வைத்தால் அது எதிர்வீட்டுப் பட்டம்மாள் வீடு. குறி எந்த வீடோ துணி அந்த வீடு என்பது ஊர்ச் சட்டம், அதற்கு மேல் எந்தக் கோர்ட்டுக்கும் நாங்கள் போனதில்லை.

அம்மாக்கண்ணுவுக்கு இன்னொரு சட்டமும் உண்டு. யார் வீட்டில் யார் முழுகாமல் இருக்கிறாள், யார் இரவெல்லாம் அழுகிறாள், எந்தப் பெரிய மனிதர் குடித்துவிட்டு வாந்தியெடுக்கிறார் என்பதெல்லாம் துணி அவளுக்குச் சொல்லும், ஆனால் ஒரு வீட்டு அழுக்கை இன்னொரு வீட்டு வாசலில் அவள் அவிழ்த்ததே இல்லை. அந்த ஒரு குணத்துக்காகவே வாயாடி ஊரான நாங்கள் அவளுக்கு மட்டும் பயந்தோம்.

ஊர்ப் பேர் சிப்பாய்மேடு, ஆண்பிள்ளைகளும் அப்படியே. மீசை அரும்புவதற்குள் பெங்களூருக்கு ரயிலேறிப் பட்டாளத்தில் சேர்ந்துவிடுவார்கள். மாரியம்மன் தேர் வடம் பிடிப்பதுகூட எங்கள் ஊரில் பட்டாளத்து வரிசைப்படிதான்: முதலில் சுபேதார், பிறகு ஜமேதார், ஹவில்தார், நாயக், கடைசியில் வெறும் சிப்பாய். ஆள் சண்டையில் இருந்தால் அவன் பெண்சாதி அந்த இடத்தில் நின்று தாம்பூலம் வாங்கிக்கொள்வாள். விதவைக்கு வரிசையில் இடமில்லை. அது எங்களுக்கு அப்போது தப்பாகத் தோன்றவில்லை, இப்போது தோன்றுகிறது.

செங்கமலத்தின் புருஷன் தனகோட்டியும் பட்டம்மாளின் புருஷன் ஜெகநாதனும் நாற்பத்தொன்றாம் வருஷம் ஒரே நாளில் லீவு முடிந்து கிளம்பி, ஒரே கப்பலில் ஏறி, ஒரே பாலைவனத்தில் ஒரே நாளில் காணாமல் போனார்கள். அதே இடத்தில் ஒரு பிணம் கிடைத்தது. முகம் இல்லை, கழுத்தில் தொங்கும் நம்பர் தட்டு இல்லை, எரிந்தது போக மிஞ்சியது காக்கிச் சட்டையின் காலர் மட்டும். அந்தக் கம்பெனி ஹவில்தாருக்கு நம் பக்கத்து ஊர், விஷயம் தெரிந்தவர். காலரின் உள்பக்கம் இருந்த குறியை அப்படியே கடுதாசியில் வரைந்து ஊருக்கு அனுப்பிவைத்தார். சுபேதார் கோதண்டம் அதை மாரியம்மன் கோயில் வாசலில் எல்லோர் முன்னாலும் பிரித்தார். இரண்டு பெண்களும் ஒருவர் கையை ஒருவர் பிடித்துக்கொண்டு நின்றார்கள்.

இரண்டு கோடு, நடுவில் ஒரு புள்ளி.

"பார்த்துச் சொல்லு அம்மாக்கண்ணு, ரெண்டு உசுரு கீது இதுல," என்றார் சுபேதார்.

அவள் நெடுநேரம் பார்த்தாள். "என் கைதான் சாமி. பட்டம்மா வூட்டுக் குறி," என்றாள். அந்த ஒரு வார்த்தையில் பட்டம்மாளின் நெற்றிப் பொட்டு அழிந்தது, வளையல் உடைந்தது. செங்கமலத்தின் தாலி கழுத்திலேயே தங்கியது. அன்றைக்குப் பிடித்திருந்த கையை எந்தப் பெண் முதலில் விட்டாள் என்று பார்த்தவர்கள் பலவிதமாகச் சொல்வார்கள்.

அடுத்த வருஷம் பங்குனியில், ஒரு செவ்வாய்க்கிழமை, அம்மாக்கண்ணு ஆற்று மணலில் மூட்டையை அவிழ்த்து எண்ணினபோது ஒரு உருப்படி அதிகமாக இருந்தது. பச்சையும் சாம்பலும் கலந்த கனத்த கம்பளிச் சட்டை, நான்கு பை, சொரசொரப்பான பொத்தான், தொட்டால் ஐஸ் மாதிரி சில்லென்று இருந்தது. வலது மார்பில் இறக்கையை விரித்த ஒரு பறவை, அதன் காலடியில் ஒரு வட்டம், வட்டத்துக்குள் நாம் கல்யாணப் பத்திரிகை மூலையில் போடுகிற சுவஸ்திக், ஆனால் கால் தடுக்கி விழப்போவதுபோல் சாய்ந்து. காலரைத் திருப்பிப் பார்த்தாள். உள்ளே முக்கோணமாக மூன்று புள்ளி, அவள் கை.

குறி இருந்ததால் அவள் யோசிக்கவில்லை. கம்பளியை வெள்ளாவியில் வைத்தால் சுருங்கும் என்று பூந்திக்கொட்டை நுரையில் அலசினாள். அலசின தண்ணீரில் நம் சீமைக்கு இல்லாத வெள்ளை மண் இறங்கியது, அவள் விரல்கள் சாயங்காலம் வரை விறைத்தே கிடந்தன. உலர்த்தி மடித்து செங்கமலம் வீட்டில் மற்றத் துணிகளோடு வைத்துவிட்டு வந்தாள்.

செங்கமலம் அதை மோந்து பார்த்து அழுதாளாம். டிரங்குப் பெட்டியில் பட்டுச் சேலைக்குக் கீழே வைத்துப் பூட்டினாளாம். அடுத்த திங்கட்கிழமை திறந்து பார்த்தால் பெட்டியில் சட்டை இல்லை, செவ்வாய்க்கிழமை அது மறுபடி மூட்டையில் இருந்தது, புதிதாக அழுக்கேறி, முழங்கை கிழிந்து, நனைந்த வைக்கோல் வாசத்தோடு.

இப்படியாக அது வாராவாரம் சண்டைக்குப் போய் வந்துகொண்டிருந்தது. கடல் தாண்டின ஒரு சட்டை பூட்டின பெட்டியிலிருந்து எப்படிப் போய் எப்படி வருகிறது என்று எங்களில் ஒருவர்கூடக் கேட்கவில்லை. சேங்கொட்டைக் குறி ஆளை ஒட்டியது, ஆள் உடுப்பை மாற்றினால் குறியும் கூடவே மாறிக்கொள்ளும், குறியிருக்கிற துணி வெளுக்க வரத்தான் செய்யும், இதில் என்ன அதிசயம்? நாங்கள் கேட்டதெல்லாம் வேறு கேள்வி: சர்க்காருக்குத் தெரிந்தால் என்ன ஆவது?

ஏனென்றால் சட்டையைப் பார்த்த அன்றே சுபேதார் கதவைச் சாத்திவிட்டார். முதல் உலக யுத்தத்தில் பிரெஞ்சு தேசத்து மண் குழியில் படுத்துக் கிடந்தவர் அவர், பொல்லாத எம்டன். அவர் முகம் வெளுத்து அன்றைக்குத்தான் பார்த்தோம். "இது ஜெர்மன்காரன் உடுப்புடா," என்றார். "பிடிபட்ட நம்மாளுங்களை வெச்சே அவன் ஒரு படை கட்டிக்கினு கீறானாம். தனகோட்டி அதுல சேர்ந்துட்டான். எவனும் வாயத் திறக்காதீங்க."

திறக்கவில்லை. வாயை மூடிக்கொண்டு ஊரே ஜெர்மன் பட்டாளத்துப் படிப்பைப் படித்தது. செவ்வாய் சாயங்காலம் சட்டை காய்வதற்குள் ஆற்றங்கரைப் புதர்மறைவில் சுபேதார் ஒரு குச்சியை வைத்துக்கொண்டு பாடம் நடத்துவார். தோள்பட்டை ஓரத்தில் வெள்ளைக் கரை, ஆகவே காலாட்படை. சிவப்பென்றால் பீரங்கி. வலது கையில் கேடயம் மாதிரி ஒரு துண்டு, காவி வெள்ளை பச்சை, மேலே பாயும் புலி. புலியைப் பார்த்ததும் பயந்துகொண்டிருந்தவர்களுக்குக்கூட நெஞ்சு கொஞ்சம் நிமிர்ந்தது, பொய் சொல்வானேன். ஒரு செவ்வாய் இடக்கையில் கவிழ்த்த கூரை மாதிரி ஒரு பட்டை வந்தது. மழைக்காலத்தில் இரண்டாகியது.

அதோடு வந்தது வழக்கு. எதிரிப் பட்டாளத்து இரண்டு பட்டை, நம் பட்டாளத்தில் எதற்குச் சமம்? நாயக் என்றார்கள் சிலர். எதிரி நாயக் நம் சிப்பாய்க்குக்கூடச் சமமில்லை என்றாள் ஜமேதார் வீட்டு மருமகள், அவள் புருஷன் நாயக், அவள் கவலை அவளுக்கு. மூன்று நாள் பேசி, அம்மனுக்கு எந்த ராஜாவும் ஒன்றுதான் என்று முடிவாகி, அடுத்த ஆடித் தேருக்குச் செங்கமலம் சிப்பாய் வரிசையிலிருந்து நாயக் வரிசைக்கு ஏறினாள். வெற்றிலைத் தட்டை வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். பட்டம்மாள் தன் வீட்டு ஜன்னல் கம்பியைப் பிடித்தபடி தேர் போவதைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

நாற்பத்துநாலில், சித்திரை வெயில் மணலைப் பொரித்துக்கொண்டிருந்த ஒரு செவ்வாய், சட்டையின் காலரைச் சுற்றிப் பளபளவென்று வெள்ளி நாடா ஓடியிருந்தது. "ஹவில்தார் ஆயிட்டாண்டா!" என்று சுபேதாரே சத்தம் போட்டார். எல்லோரும் கை தட்டினார்கள். அம்மாக்கண்ணு மட்டும் காலரின் இடது முனையைக் கட்டைவிரலால் தடவிக்கொண்டே நின்றாள். நாடா அந்த முனையில் பிசிறிக் கிடந்தது, அதில் பல் பட்ட தடம்.

துணி நுனியைக் கடிக்கிற பழக்கம் ஊரில் ஒரே ஒருவனுக்குத்தான் உண்டு. சட்டைக் காலர், துண்டு, போர்வை, எது கிடைத்தாலும் இடது முனையைக் கடித்துப் பிசிறாக்கிவிடுவான். "உன் புருஷன் சோத்துக்குப் பதிலா துணியத் துன்றான்" என்று அவள் பட்டம்மாளிடம் எத்தனை தரம் சண்டை போட்டிருக்கிறாள். முரட்டுக் கம்பளியில் இத்தனை நாள் பல் பதியவில்லை. பதவி ஏறி வெள்ளி நாடா வந்ததும் ஆள் தெரிந்துவிட்டான்.

வெயிலில் நின்றபடியே அவளுக்கு அந்த நாற்பத்தொன்றாம் வருஷத்துக் காலை ஞாபகம் வந்தது. பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது, இரண்டு ஆண்களும் அவள் குடிசை வாசலில் குறி போடத் தங்கள் புதுக் காக்கி அடுக்கை வைத்துவிட்டுப் பீடி குடிக்கப் போனார்கள். வீட்டு வேட்டி என்றால் குறியே இல்லாமல் யாருடையது என்று சொல்லிவிடுவாள். சர்க்கார் உடுப்பு எல்லாம் ஒரே தாய் வயிற்றுப் பிள்ளைகள், முகமே கிடையாது. கிழக்கே பார்த்து உட்கார்ந்து சோற்றுக்கைப் பக்கம் தனகோட்டி, பீச்சாங்கைப் பக்கம் ஜெகநாதன் என்று மனசில் வைத்துக்கொண்டாள். சுண்ணாம்பு தீர்ந்திருந்தது. உள்ளே போய் எடுத்துவந்தவள், கண்ணில் வெயில் குத்துகிறதே என்று மேற்கே பார்த்து உட்கார்ந்துவிட்டாள், சோற்றுக்கைப் பக்கம் இருந்தது பீச்சாங்கைப் பக்கமாயிற்று. அவரவர் வைத்த இடத்திலிருந்து அவரவர் அடுக்கை அள்ளிக்கொண்டு ஓடினார்கள். தன் வீட்டுக் குறி என்னவென்று எந்த ஆண்பிள்ளை என்றைக்குப் பார்த்திருக்கிறான்?

ஆக, பாலைவனத்தில் எரிந்தவன் தனகோட்டி. தாலியோடு இருப்பவள் விதவை, வெள்ளைச் சேலை கட்டியவளுக்குப் புருஷன் இருக்கிறான், இரண்டையும் செய்தது அவள் கை.

அன்றைக்கே சொல்லியிருக்க வேண்டும். சட்டையைச் சுமந்துகொண்டு அந்தத் தெரு முனைவரை வந்தாள். செங்கமலம் வாசலில் கோலத்துக்குச் செம்மண் கரை இழுத்துக்கொண்டிருந்தாள், ஹவில்தார் பெண்சாதி ஆகிவிட்ட செய்தி அவளுக்கு முன்னமே போய்விட்டது, நிமிர்ந்து சிரித்தாள். அந்தச் சிரிப்பைப் பார்த்த அம்மாக்கண்ணு, அடுத்த செவ்வாய் சொல்லலாம் என்று சட்டையைக் கொடுத்துவிட்டுத் திரும்பினாள். அடுத்த செவ்வாய் அதற்கடுத்த செவ்வாய் ஆயிற்று.

ஆவணி மாசத்தில் ஒரு செவ்வாய் சட்டையைப் பிரித்தபோது மார்பிலிருந்த பறவை அங்கே இல்லை, தையல் தடம் மட்டும் இருந்தது. அது பறந்துபோய் இடது மேற்கையில் உட்கார்ந்திருந்தது. அதன் அர்த்தம் சுபேதாருக்கும் தெரியவில்லை. "வேற எசமான் கைக்கு மாறிட்டான் போல," என்று மட்டும் சொன்னார், குச்சியைக் கீழே போட்டுவிட்டார். சட்டை முழுக்க ரத்தம். எங்கள் பெண்கள் வாயைப் பொத்திக்கொண்டார்கள், செங்கமலம் மயங்கி விழுந்தாள். அம்மாக்கண்ணு சட்டையை உள்வெளியாகத் திருப்பினாள். தன் ரத்தம் என்றால் உள்ளிருந்து வெளியே ஊறும், பிறத்தியார் ரத்தம் என்றால் வெளியிலிருந்து உள்ளே ஊறும், இது பிள்ளைப்பேறு துணி வெளுத்தவளுக்குத் தெரியாததா? உள்பக்கம் சுத்தமாக இருந்தது. வெளியே இரண்டு கைவிளிம்பிலும் ரத்தம், சட்டையின் கீழ் ஓரத்தில் தொடைக்கு நேராகத் திட்டாக ஒரு கறை, அந்தக் கறைக்குச் சின்னச் சின்னதாக ஐந்து விரல் இருந்தது.

"அவுரு ரத்தம் இல்ல, எழுந்திரு," என்று மட்டும் செங்கமலத்திடம் சொன்னாள். மற்றதைச் சொல்லவில்லை. அது அந்த வீட்டு அழுக்கு இல்லை.

கைவிளிம்புக் கறை போயிற்று. கீழ் ஓரத்துக் கறை ஏழு அலசலுக்கும் போகவில்லை, கடைசித் தண்ணீரும் சிவந்தே ஓடியது. அதற்கப்புறம் சட்டை வருவது நின்றுவிட்டது. பெட்டி காலி, மூட்டையில் எண்ணிக்கை சரி.

சண்டை முடிந்தது, ஜெர்மன் படையில் சேர்ந்த நம்மாட்களைச் சர்க்கார் பிடித்து விசாரித்து விட்டுவிட்டது. நாற்பத்தாறு ஐப்பசியில் ஒரு மத்தியானம் அவன் ஊருக்குள் நடந்து வந்தான். ரேஷன் கடை வாசலில் நின்ற நாங்கள்தான் முதலில் பார்த்தோம். தனகோட்டியாக இருக்கும் என்று ஓடினோம். கிட்டே போனால் ஜெகநாதன். செத்தவன் வருகிறான் என்று யாரும் அலறவில்லை, மூன்று வருஷம் அந்தச் சட்டையோடு பழகினவர்கள் எதற்கு அலறுவோம், கூட நடந்தோம். தெருவுக்கு வந்தவன் தன் வீட்டைத் திரும்பிக்கூடப் பார்க்காமல் செங்கமலம் வீட்டு வாசலில் போய் நின்றான். சட்டை எந்த வீட்டில் மடிந்து கிடந்ததோ அந்த வீட்டுக்கு ஆளும் வந்துவிட்டான்.

கதவைத் திறந்த செங்கமலம் பார்த்தாள். எதிர்வீட்டில் பட்டம்மாளும் கதவைத் திறந்தாள். யார் யாருக்கு என்ன என்பது அந்த ஒரு நிமிஷத்தில் இரண்டு பேருக்கும் தெரிந்துவிட்டது.

"இங்க எதுக்கு வந்த?" என்றாள் செங்கமலம்.

"தெரியல அண்ணி," என்றான். "காலு இங்கதான் வந்துச்சு."

அம்மாக்கண்ணு கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்து இரண்டு வாசலுக்கும் நடுவில் மண்ணில் விழுந்தாள். கிழக்கே பார்த்து உட்கார்ந்தது, சுண்ணாம்பு, மேற்கே பார்த்து உட்கார்ந்தது, எல்லாவற்றையும் சொன்னாள். சொல்லி முடித்ததும் நாங்கள் செய்த காரியத்தை நினைத்தால் இன்னும் முகம் சுடுகிறது. சுபேதார் தொண்டையைச் செருமிக்கொண்டு, குறி எந்த வீடோ துணி அந்த வீடு, இத்தனை ஆடிக்குத் தாம்பூலம் கொடுத்து அம்மன் முன்னால் ஒப்புக்கொண்டாயிற்று, கொடுத்த வரிசையைத் திருப்பினால் ஊருக்கு ஆகாது, தாலி இருக்கிற இடத்திலேயே இருக்கட்டும், இவனும் செங்கமலம் வீட்டிலேயே இருக்கட்டும் என்றார். நாங்கள் தலையாட்டினோம். உண்மையாகவே ஆட்டினோம்.

"துணிக்குத்தான் மாமா குறி," என்றாள் செங்கமலம். "என் ஆளுக்கு நான் இருக்கேன். இவன் என் ஆளு இல்ல."

அதைச் சொன்னால் என்ன ஆகும் என்று தெரிந்துதான் சொன்னாள். சொல்லிவிட்டு, யாரையும் கிட்டே வரவிடாமல், தன் கையாலேயே வளையலை நிலைப்படியில் அடித்து உடைத்தாள். ஐந்து வருஷம் தாமதமாக, தனகோட்டிக்காக அன்றைக்குத்தான் எங்கள் ஊரில் முதல் அழுகை எழுந்தது. ஜெகநாதன் அவள் வாசற்படியிலிருந்து இறங்கித் தெருவைக் கடந்தான்.

பட்டம்மாள் வழிவிடவில்லை. அம்மாக்கண்ணு தவழ்ந்துபோய் அவள் காலைப் பிடித்துக்கொண்டாள். "தாயி, இது உன் வூட்டு அழுக்கு. உங்கிட்ட மட்டுந்தான் சொல்லணும்," என்று அவள் காதருகே எழும்பி ஏதோ சொன்னாள். சொல்லச் சொல்ல பட்டம்மாளின் கண் அவன் முகத்திலிருந்து அவன் கைக்கு இறங்கியது.

"அந்த ரத்தம் யாருது?" என்றாள்.

அவன் இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டான்.

"சொல்ற வரிக்கும் உள்ள வராத. வாசல்லயே இரு."

அவன் இருந்தான். ஐப்பசி மழையில் இருந்தான், மார்கழிப் பனியில் இருந்தான். ஒருநாள்கூட அவள் சோறு போடத் தவறவில்லை, வேளைக்கு இலை போட்டுப் பரிமாறிவிட்டுக் கதவைச் சாத்திக்கொள்வாள். வெள்ளைச் சேலையை மாற்றவுமில்லை, கேள்வியை இரண்டாம் முறை கேட்கவுமில்லை. எங்களுக்கும் பழகிவிட்டது. வெயில் காலத்தில் செங்கமலம் அவனுக்கு ஒரு கீற்றுத் தட்டி கட்டிக் கொடுத்தாள். தேர் அந்தத் தெருவில் வரும்போது அவன் காலை மடக்கிக்கொள்வான், நாங்கள் வடத்தைக் கொஞ்சம் ஒதுக்கி இழுப்போம், அவ்வளவுதான்.

மறு ஐப்பசி பிறந்த அன்று, பட்டம்மாள் இலையைப் போட்டுவிட்டுத் திரும்பும்போது அவன் சொன்னான்: "பேரு தெரியாது பட்டு. பேரு கேக்கல."

தெருவில் நின்றவர்கள் நின்ற இடத்திலேயே நின்றுவிட்டோம்.

"எத்தனி வயசு?" என்றாள் அவள்.

அவனுக்கு அதுவும் தெரியவில்லை. எழுந்து நின்றான். வலது கையை நீட்டி, உள்ளங்கையைத் தரையைப் பார்க்கத் திருப்பி, உயரம் காட்டினான். கை அவன் தொடைக்கு நேராக நின்றது. அந்தக் கைக்கும் மண்ணுக்கும் நடுவில் இருந்த இடத்தை நாங்கள் எல்லோரும் பார்த்தோம். கையைக் கீழே இறக்க அவனுக்கு வரவில்லை.

பட்டம்மாள் இரண்டு கதவையும் அகலத் திறந்தாள்.

"உள்ள வா," என்றாள். "அந்தப் புள்ளயயும் கூட்டிக்கினு வா."

கையை அதே உயரத்தில் வைத்தபடி, படி தடுக்காமல் மெல்ல மெல்ல நடத்திக் கூட்டிப்போகிறவன்போல, அவன் உள்ளே போனான். அன்று முதல் அந்த வீட்டில் மூன்று இலை போட்டார்கள்.